காமெடி எழுதிப் பிழைக்கலாமா? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

தமிழ் சினிமாவுக்கும் டிவிக்கும் காமெடி எழுதுகிறவன் நான். கீழே இருப்பவை என்னிடம் திரும்பத் திரும்பக் கேட்கப்பட்ட கேள்விகள். கேட்டவர்களில் பாதிப் பேர் இந்த வேலைக்கு வர நினைப்பவர்கள். மீதிப் பேர் அவர்களுடைய அப்பா அம்மா.

காமெடி எழுத்தாளர் என்று தனியாக ஒரு வேலை இருக்கிறதா? வசனம் எழுதுபவர்தானே காமெடியும் எழுதுவார்?

இரண்டு மாதிரியும் உண்டு. நம் சினிமாவில் காமெடி ரொம்ப காலம் தனிக்குடித்தனமாகவே இருந்தது. என்.எஸ். கிருஷ்ணன் தன் குழுவோடு தன் பகுதியைத் தனியாகத் தயாரித்துக் கொண்டுவந்து படத்தில் சேர்ப்பார். பின்னால் அந்த வழக்கத்துக்கு ‘ட்ராக்’ என்று பெயர் வந்தது. நாயகன் கதை ஒரு பக்கம் ஓடும், காமெடி நடிகர்களின் கதை இன்னொரு பக்கம் ஓடும், கிளைமாக்ஸில் இரண்டும் ஒரு தடவை கைகுலுக்கிக்கொள்ளும். ட்ராக் எழுதுவதற்கென்றே ஆட்கள் இருந்தார்கள். கவுண்டமணி, செந்தில் இணைக்கு நிறைய எழுதிய ஏ. வீரப்பன் அவர்களில் முக்கியமானவர். 1989இல் வந்த ‘கரகாட்டக்காரன்’ வாழைப்பழக் காட்சி அவர் எழுதியதுதான். அந்தக் காட்சி ஊருக்கே மனப்பாடம், எழுதியவர் பெயர் எத்தனை பேருக்குத் தெரியும் என்று கேட்டுப் பாருங்கள்.

இன்னொரு மாதிரி, படமே காமெடியாக இருப்பது. 1964இல் வந்த ‘காதலிக்க நேரமில்லை’யில் ட்ராக் என்று தனியாக வெட்டி எடுக்க எதுவும் இல்லை. ஸ்ரீதரும் சித்ராலயா கோபுவும் கதையையே அப்படிப் பின்னியிருந்தார்கள். அப்புறம் கிரேசி மோகன். கிண்டி பொறியியல் கல்லூரியில் படித்தவர், நாடகத்தில் இருந்து வந்தவர். அவருடைய நாடகத்தைத்தான் கே. பாலசந்தர் 1983இல் ‘பொய்க்கால் குதிரை’யாக எடுத்தார். ‘மைக்கேல் மதன காமராஜன்’, ‘அவ்வை சண்முகி’, ‘பஞ்சதந்திரம்’ போன்ற படங்களில் எது கதை, எது காமெடி என்று பிரிக்கவே முடியாது.

இன்றைக்குச் சுத்தமான ட்ராக் குறைந்துவிட்டது. காமெடி நடிகர்கள் பலர் தங்களுக்கென்று எழுத ஆள் வைத்துக்கொண்டு வருகிறார்கள். நம்மைப் போன்றவர்களுக்கு வரும் அழைப்பு பெரும்பாலும் ஒரே மாதிரி இருக்கும்: எழுதி முடித்த ஸ்கிரிப்டைக் கையில் கொடுத்து, “இதுல அங்கங்க கொஞ்சம் காமெடி தூவிக் குடுங்க” என்பார்கள். அதைக் கேட்டதுமே, கதையில் எங்கோ ஒழுகுகிறது என்று புரிந்துகொள்ள வேண்டும். ஒழுகும் இடத்தைக் கண்டுபிடித்து அடைப்பதுதான் உண்மையான வேலை. கூலி ஜோக்குக்கு என்று அவர்கள் நினைத்துக்கொள்ளட்டும்.

நண்பர்கள் மத்தியில் நான் நன்றாக ஜோக் அடிப்பேன். எழுத வந்துவிடுமா?

நண்பர்கள் சிரிப்பதில் பாதி அவர்களுடைய பங்கு. உங்களை அவர்களுக்குத் தெரியும், நீங்கள் கிண்டல் செய்யும் ஆளையும் தெரியும். தியேட்டரில் உட்கார்ந்திருப்பவருக்கு இரண்டு பேரையும் தெரியாது. முதலில் ஆளை அறிமுகப்படுத்த வேண்டும், அவனுக்கு என்ன வேண்டும் என்று காட்ட வேண்டும், எது கிடைக்காது என்பதையும் காட்ட வேண்டும். சிரிப்பு அதற்குப் பிறகுதான்.

ஒரு சோதனை சொல்கிறேன். இரண்டு பேர் பேசும் ஒரு பக்கக் காட்சி எழுதுங்கள். சிலேடை, யாரையாவது போல மிமிக்ரி, தடுக்கி விழுவது மூன்றும் கூடாது. எழுதியதை இரண்டு பேரிடம் கொடுத்து உரக்கப் படிக்கச் சொல்லிவிட்டு நீங்கள் பக்கத்து அறையில் போய் உட்காருங்கள். உங்கள் முகத்தைப் பார்க்காமல் அவர்கள் எங்கே சிரிக்கிறார்களோ, அந்த இடம் மட்டும்தான் நீங்கள் எழுதியது.

என் அனுபவத்தில், கூட்டத்தில் கலகலப்பாகப் பேசுபவரைவிட ஓரமாக உட்கார்ந்து எல்லோரையும் கவனித்துக்கொண்டிருப்பவர்தான் நன்றாக எழுதுகிறார். விதிவிலக்கு உண்டு. அவர்கள் நடிக்கப் போய்விடுகிறார்கள்.

கதை டிஸ்கஷன், டிஸ்கஷன் என்கிறார்களே, உள்ளே என்னதான் நடக்கும்?

ஒரு வாடகை ஃப்ளாட், அல்லது ஹோட்டல் அறை. இயக்குநர், அசோசியேட், இரண்டு மூன்று உதவி இயக்குநர்கள், காமெடிக்கென்று நான், யாருக்கும் எதற்கு வந்தார் என்று தெரியாத ஒரு பெரியவர். பத்து மணிக்கு என்றால் பதினொன்றரைக்குத் தொடங்கும். முதல் ஒரு மணி நேரம் போன வெள்ளிக்கிழமை வந்த படத்தின் பிரேதப் பரிசோதனை. அது முடிந்ததும் இயக்குநர் நாற்காலியில் சாய்ந்துகொண்டு, “சரி, எங்க விட்டோம்?” என்பார்.

ஒருவர் ‘லைன்’ சொல்வார். லைன் என்றால் காட்சியின் சாரம், இரண்டு வாக்கியத்தில். மற்றவர்கள் அதன்மேல் ஏறுவார்கள். புதிதாக வருபவர்கள் செய்யும் தவறு, எல்லா லைனுக்கும் ஒரு கவுண்ட்டர், அதாவது பதிலடி ஜோக், போடுவது. கவுண்ட்டர் போட்டால் அறை சிரிக்கும், காட்சி அங்கேயே நின்றுவிடும். “அப்படின்னா அவன் அடுத்து என்ன பண்ணுவான்?” என்று கேட்பவரைத்தான் இயக்குநர் மறுநாளும் கூப்பிடுவார்.

இன்னொன்று, அறையின் சிரிப்பை நம்பாதீர்கள். இரவு பதினொரு மணிக்கு, நாலாவது டீக்குப் பிறகு, எல்லாமே சிரிப்பாகத்தான் இருக்கும். எழுதி வைத்துவிட்டு மறுநாள் காலையில் படியுங்கள். பத்தில் ஏழு செத்துக் கிடக்கும். மீதி மூன்றுதான் சம்பாத்தியம்.

“அது நான் சொன்னது” என்ற சண்டையும் அந்த அறையில் நடக்கும். அதில் இறங்காதீர்கள். ஒரு சிரிப்பு நாலு பேர் வாய் மாறித்தான் உருவாகிறது. ஆனால் தினமும் என்ன பேசினோம், எந்தக் காட்சி எப்படி மாறியது என்று தேதி போட்டு ஒரு நோட்டில் எழுதி வையுங்கள். காரணம் பின்னால் வருகிறது.

ஒரு காமெடிக் காட்சி எப்படி உருவாகிறது? ஓர் உதாரணத்தோடு சொல்ல முடியுமா?

சொல்கிறேன், கொஞ்சம் நீளும். இயக்குநர் கொடுத்த லைன்: நாயகனின் மாமா சபாபதி ஒருவருக்கு ஐயாயிரம் ரூபாய் கடன் கொடுத்திருக்கிறார். வாங்கியவர் இறந்துவிட்டார். துக்க வீட்டில் போய் மகனிடம் கடனைக் கேட்கிறார். “காமெடியா வேணும், யார் மனசும் புண்படக் கூடாது.”

முதல் தடவை எழுதும்போது மாமாவைப் பயங்கரமாகப் பேச விட்டேன். மாலையை மிதித்தார், அழுகிறவர்களைக் கிண்டல் செய்தார், ஒப்பாரிக்கு நடுவே வட்டிக் கணக்குச் சொன்னார். அறை சிரித்தது. காலையில் படித்தால் சகிக்கவில்லை. காரணம் எளிது. மாமா எதற்கும் பயப்படவில்லை. எதையும் மறைக்காத ஆள்மீது சிரிப்பு ஒட்டாது.

இரண்டாவது தடவை ஒரே ஒரு விதி வைத்தேன்: மாமா கடன் என்ற வார்த்தையையே சொல்லக் கூடாது. துக்கம் விசாரிக்கிற மாதிரியே கேட்க வேண்டும்.

“உங்கப்பா மாதிரி ஒரு மனுஷன் வருமா தம்பி? ஒருத்தர்கிட்ட வாங்கினா திருப்பிக் குடுக்காம இருக்க மாட்டாரு.”

“ஆமா மாமா. எல்லாத்தையும் குடுத்துட்டுத்தான் போனாரு.”

“எல்லாத்தையுமா?”

இப்போது காட்சிக்கு உயிர் வந்துவிட்டது. மகன் அழுதுகொண்டே பேசுகிறான், அவனுக்கு ஒன்றும் புரியவில்லை. மாமா ஒவ்வொரு வாக்கியத்திலும் பணத்தின் பக்கத்தில் போய் நின்றுவிட்டுத் திரும்புகிறார். ஆனால் எங்கே முடிப்பது? இரண்டு நாள் முடிவே கிடைக்கவில்லை. மூன்றாவது நாள் ஓர் உதவி இயக்குநர், வாயே திறக்காத பையன், “சார், செத்தவரும் அவரைப் பத்தி ஏதாவது சொல்லியிருப்பாருல்ல?” என்றான். அவ்வளவுதான்.

“கடைசியா உங்க பேரைத்தான் மாமா சொன்னாரு.”

மாமா முகம் மலர்கிறது. “என்னன்னு?”

“சபாபதிகிட்ட ஐயாயிரம் வாங்கணும்னு.”

செத்தவரைப் பொய்யர் என்று சொல்ல முடியாது. ஐம்பது பேர் பார்க்கிறார்கள். மாமா மெல்ல பர்ஸை எடுக்கிறார், ரெண்டாயிரம்தான் இருக்கிறது என்கிறார். மகன் கண்ணைத் துடைத்துக்கொண்டு, “பரவால்ல மாமா, மீதியைக் காரியத்தன்னைக்குக் குடுங்க” என்கிறான்.

இதில் கவனிக்க வேண்டியது அந்தக் கடைசிக்கு முந்தைய வசனம். முதலில் நான் எழுதியது, “சபாபதிகிட்ட ஐயாயிரம் வாங்கணும்னு சொன்னாரு மாமா.” படித்துப் பாருங்கள், ‘வாங்கணும்னு’ என்ற இடத்தில் வெடிக்க வேண்டியதை ‘சொன்னாரு மாமா’ வந்து மூடிவிடுகிறது. ஜனம் சிரிக்கத் தொடங்கும்போது நடிகர் இன்னும் பேசிக்கொண்டிருப்பார். தமிழில் வினை கடைசியில் வந்து உட்காருவதால் இந்தத் தொல்லை அடிக்கடி வரும். பேச்சுத்தமிழ்தான் காப்பாற்றும். ‘னு’ என்று அந்தரத்தில் விட்டுவிடலாம், வார்த்தைகளை முன்னே பின்னே மாற்றலாம், பெயரையோ எண்ணையோ கடைசிக்குத் தள்ளலாம். நான் எழுதியதைத் திருத்தும்போது பாதி நேரம் செய்வது, சிரிப்பு வெடிக்கும் ‘பஞ்ச்’ வார்த்தைக்குப் பின்னால் தொங்கும் வால்களை வெட்டுவது.

நல்ல ஜோக் தியேட்டரில் செத்துப்போவது ஏன்?

பெரும்பாலும் விதை போடாததால். மேலே சொன்ன காட்சியில், மாமா அந்த ஐயாயிரத்தைக் கொடுப்பதை முன்பே ஒரு சின்னக் காட்சியில் காட்டியிருக்க வேண்டும். நாங்கள் எழுதியும் இருந்தோம். எடிட்டிங்கில் படம் நீளம் என்று அந்த முப்பது விநாடியைத் தூக்கிவிட்டார்கள். பிரிவியூவில் துக்க வீட்டுக் காட்சிக்கு ஒருவர்கூடச் சிரிக்கவில்லை. யார் யாருக்குக் கொடுக்க வேண்டும் என்றே புரியாதபோது எப்படிச் சிரிப்பார்கள்? அதைத் திரும்ப ஒட்டியதும் சரியாகிவிட்டது. அதனால் எடிட்டரோடு நட்பாக இருங்கள். எந்த விதை எந்த மரத்துக்கு என்று அவருக்கு நீங்கள் சொன்னால்தான் தெரியும்.

இன்னொரு காரணம், சிரிப்பு பேசுகிறவரிடம்தான் இருக்கிறது என்று நினைத்து எழுதுவது. ‘காதலிக்க நேரமில்லை’யில் நாகேஷ், பாலையாவுக்குப் பேய்க்கதை சொல்லும் காட்சியைச் சத்தம் இல்லாமல் ஒருமுறை பாருங்கள். கேட்டுக்கொண்டிருக்கும் பாலையாவின் முகம்தான் நம்மை உருள வைக்கிறது. காட்சியில் கேட்கிறவருக்கும் வேலை எழுத வேண்டும்.

முழுநீளக் காமெடிக் கதைக்கு ஏதாவது சூத்திரம் உண்டா?

சூத்திரம் என்று சொல்ல மாட்டேன், ஆனால் ஓடிக்கொண்டே இருக்கும் ஒரு மோட்டார் உண்டு: ஒரு பொய். வேலை கிடைப்பதற்காகச் சின்னதாக ஒரு பொய், அதைக் காப்பாற்ற இன்னொரு பொய், அதற்கு ஒரு மீசை, மீசை இல்லாத ஒரு தம்பி. 1981இல் வந்த ‘தில்லு முல்லு’ அப்படித்தான் ஓடுகிறது. இந்தியில் 1979இல் வந்த ‘கோல்மால்’ படத்தின் தமிழ் வடிவம் அது, வசனம் விசு. இந்த மாதிரிக் கதையில் எழுத்தாளர் ஜோக் தேட வேண்டியதே இல்லை. பொய் வெளியே வந்துவிடுமோ என்ற பயத்தைக் காட்சிக்குக் காட்சி ஏற்றிக்கொண்டு போனால் போதும்.

டிவிக்கு எழுதுவதும் சினிமாவுக்கு எழுதுவதும் ஒன்றா?

பழகுவதற்கு டிவி மாதிரி ஒரு பள்ளிக்கூடம் கிடையாது. காரணம், வாரம் தவறாமல் வரும் தேதி. மூட் வரவில்லை என்று சொல்ல முடியாது. இந்த வாரம் பாதி வெந்ததாகப் போனால் அடுத்த வாரம் பார்த்துக்கொள்ளலாம், ஆனால் போகாமல் இருக்க முடியாது. விஜய் டிவியில் ‘லொள்ளு சபா’ வந்த காலத்தில், வந்த படங்களை எல்லாம் பிரித்து மேய்ந்தார்கள். அங்கிருந்து சந்தானம் சினிமாவுக்கு வந்தார். அதை இயக்கிய ராம்பாலா 2016இல் சந்தானத்தையே வைத்து ‘தில்லுக்கு துட்டு’ எடுத்தார். ‘கலக்கப் போவது யாரு’ மேடையில் இருந்து சிவகார்த்திகேயன் வந்த கதை எல்லோருக்கும் தெரியும். நடிகர்கள் வந்தது வெளியே தெரிகிறது. அவர்களோடு சேர்ந்து எழுதிப் பழகியவர்களும் அதே கதவு வழியாகத்தான் வந்தார்கள்.

வித்தியாசம் எங்கே என்றால், டிவி காமெடித் தொடரில் ஆட்கள் மாறக் கூடாது. ‘சின்ன பாப்பா பெரிய பாப்பா’ மாதிரியான ஒரு தொடரில், மாமியாரும் மருமகளும் ஒரு வாரம் திருந்திவிட்டால் அடுத்த வாரம் கடையை மூட வேண்டியதுதான். சினிமாவில் தலைகீழ், இரண்டரை மணி நேரத்தில் யாராவது மாறியே ஆக வேண்டும். டிவியில் இருந்து சினிமாவுக்கு வருபவர்கள் தடுமாறுவது இந்த இடத்தில். காட்சிகள் பிரமாதமாக இருக்கும், எதை எடுத்து எங்கே போட்டாலும் பொருந்தும். அதுதான் பிரச்சினை.

எப்படி உள்ளே நுழைவது? படிப்பு ஏதாவது தேவையா?

யாரும் சான்றிதழ் கேட்க மாட்டார்கள். திரைப்படக் கல்லூரியில் படித்தால் கேமரா, எடிட்டிங் பற்றிய பயம் போகும், நண்பர்கள் கிடைப்பார்கள். அந்த நண்பர்கள்தான் பின்னால் வேலை தருவார்கள்.

வழிகள் என்று பார்த்தால், உதவி இயக்குநராகச் சேர்வது பழைய வழி, இன்னும் அடைபடவில்லை. நாடகம் இன்னொன்று. கூட்டம் உடனுக்குடன் தீர்ப்புச் சொல்வதால் காமெடிக்கு இதைவிட நல்ல பயிற்சி கிடையாது. மூன்றாவது குறும்படம். கலைஞர் டிவியின் ‘நாளைய இயக்குநர்’ மூலமாக வந்த நலன் குமரசாமி 2013இல் ‘சூது கவ்வும்’ எடுத்தார். இப்போது யூடியூப் இருக்கிறது, யாரிடமும் அனுமதி கேட்க வேண்டாம். ஆனால் ஒரு நிமிட ரீல் எழுதி எழுதிப் பழகிய கைக்கு ஆறு நிமிடக் காட்சி மூச்சு வாங்கும். ஒரு நிமிடத்துக்கு ஒரு ஐடியா போதும், ஆறு நிமிடத்துக்கு ஒரு ஆள் வேண்டும்.

வாய்ப்புக் கேட்டுப் போகும்போது ஜோக் தொகுப்பைக் கொண்டுபோகாதீர்கள். முழுதாக எழுதிய மூன்று காட்சிகள் கொண்டுபோங்கள். பக்கத்தை இரண்டாகப் பிரித்து இடது பக்கம் நடப்பது, வலது பக்கம் பேசுவது என்று எழுதுவது இங்கே பழைய வழக்கம். சாஃப்ட்வேரில் எழுதினாலும் யாரும் கோபித்துக்கொள்ள மாட்டார்கள். வசனத்தைப் பேசுகிற மாதிரியே எழுதுங்கள், அது மட்டும் முக்கியம்.

வட்டார வழக்கில் எழுதினால் சிரிப்பு வருமா?

வரும், இரண்டு நிமிடத்துக்கு. கவுண்டமணியின் கொங்கு, வடிவேலுவின் மதுரை எல்லாம் அவர்கள் உடம்போடு வந்தவை. அதைப் பார்த்து, தமக்குத் தெரியாத ஊர்ப் பேச்சை எழுதுபவர்கள் ‘ஏலே’, ‘என்றா’ என்று வாக்கியத்துக்கு நாலு தூவுகிறார்கள். அந்த ஊர்க்காரர் முதல் வரியிலேயே கண்டுபிடித்துவிடுவார். தெரியாத வழக்கு என்றால் பொதுப்பேச்சில் எழுதிவிட்டு நடிகரிடமோ அந்த ஊர் உதவி இயக்குநரிடமோ கொடுத்துவிடுவது மரியாதை.

நடிகர் செட்டில் வசனத்தை மாற்றிவிட்டால் என்ன செய்வது?

மாற்றுவார். நல்ல காமெடி நடிகர் மாற்றாமல் இருந்தால்தான் கவலைப்பட வேண்டும். நீங்கள் பார்த்துக்கொள்ள வேண்டியது, காட்சியின் எலும்பு உடைகிறதா என்று மட்டும். துக்க வீட்டுக் காட்சியில் மாமா “என்னன்னு?” என்று உடனே கேட்பதாக எழுதியிருந்தேன். நடிகர் கேட்கவில்லை. கண்ணாடியைக் கழற்றினார், வேட்டி நுனியில் துடைத்தார், திரும்ப மாட்டிக்கொண்டார், அப்புறம் கேட்டார். நாலு விநாடி. அந்த நாலு விநாடியில்தான் ஜனம் சிரிக்கத் தயாராகிறது. என்னால் அதை எழுதியிருக்க முடியாது.

எலும்பு உடைந்தால்? உடனே இயக்குநரிடம் போய் மெதுவாகச் சொல்லுங்கள், எல்லோர் முன்னாலும் வேண்டாம். அதுவும் நடக்கவில்லை என்றால் டப்பிங் இருக்கிறது. நடிகர் முதுகைக் காட்டும் ஷாட், தூரத்து ஷாட், எதிரில் இருப்பவரின் முகம் மட்டும் தெரியும் ஷாட் எல்லாம் எழுத்தாளருக்குக் கிடைத்த இரண்டாவது வாய்ப்பு. உதடு தெரியாத இடத்தில் புது வசனம் வைக்கலாம். டப்பிங் தியேட்டரில் பிறந்த சிரிப்புகள் ஏராளம்.

பணம் எப்படி வரும்?

துண்டு துண்டாக. ஒப்பந்தம் ஆகும்போது அட்வான்ஸ், ஸ்கிரிப்ட் முடிந்ததும் ஒரு பகுதி, ஷூட்டிங்கின்போது ஒரு பகுதி, மீதி டப்பிங் முடிவதற்குள். ரிலீஸுக்கு அப்புறம் தருகிறோம் என்பதை நன்கொடை என்று எழுதிக்கொள்ளுங்கள். டிவியில் எபிசோடுக்கு இவ்வளவு என்று இருக்கும், தொகை சின்னது, ஆனால் மாதம் தவறாது. வெறும் டிஸ்கஷனுக்குக் கூப்பிட்டால் பலர் பேட்டா, அதாவது அன்றன்றைய படி, மட்டும் தருவார்கள். முதல் படத்துக்கு ஒப்புக்கொள்ளலாம், மூன்றாவது படத்துக்கும் அப்படியே போனால் அது பழக்கமாகிவிடும்.

தொழில்முறைக் கட்டணம் என்பதால் பொதுவாக 10 சதவீதம் டிடிஎஸ், அதாவது முன்கூட்டியே பிடிக்கும் வருமான வரி, பிடித்துக்கொண்டுதான் தருவார்கள். வருமான வரிக் கணக்குத் தாக்கல் செய்தால் திரும்பக் கிடைக்க வாய்ப்பு உண்டு. பணம் போய்விட்டது என்று சும்மா விட்டவர்களை எனக்குத் தெரியும்.

டைட்டில் கார்டில் பெயர் வருமா?

எழுத்தில் இருந்தால் வரும். என் கதையைச் சொல்கிறேன். ஒரு படத்துக்குப் பதினோரு காட்சிகள் எழுதிக் கொடுத்தேன். ஒப்பந்தம் எதுவும் இல்லை, “நம்ம பையன்தானே” என்றார்கள், நானும் பூரித்துப்போனேன். பிரிவியூவுக்கு அம்மாவை அழைத்துக்கொண்டு போனேன். என் பெயர் வந்தது. ‘நன்றி’ பட்டியலில், ஷூட்டிங்குக்கு இடம் கொடுத்த கல்யாண மண்டபத்துக்கும் ஜெனரேட்டர் வாடகைக்குத் தந்தவருக்கும் நடுவில். அம்மாவுக்குச் சந்தோஷம்தான். எனக்கு இரண்டு நாள் சாப்பாடு இறங்கவில்லை.

அதனால் முதல் காட்சி கொடுப்பதற்கு முன்பே கேளுங்கள்: பெயர் எந்த கார்டில், எந்த வார்த்தைகளில், தனியாகவா சேர்ந்தா? 1957ஆம் ஆண்டு காப்புரிமைச் சட்டப்படி உரிமையை மாற்றிக் கொடுப்பது எழுத்தில், கையெழுத்தோடு இருக்க வேண்டும். உரிமை மொத்தத்தையும் விற்றுவிட்டாலும், இதை எழுதியவன் நான் என்று சொல்லிக்கொள்ளும் உரிமை எழுதியவரிடமே இருக்கும். 2012இல் வந்த திருத்தம் இன்னொன்றும் செய்தது: படத்துக்காக எழுதிய படைப்பு தியேட்டர் தவிர வேறு வழிகளில் பயன்படும்போது வரும் ராயல்டியில் எழுதியவரின் பங்கை விட்டுக்கொடுக்கவே முடியாது என்றது. கையில் பணம் வந்து சேருவது வேறு விஷயம், ஆனால் “எல்லா உரிமையும் எங்களுக்கே” என்ற தாளை நீட்டும்போது இது தெரிந்திருந்தால் குரல் கொஞ்சம் தெளிவாக வரும்.

என் கதையைத் திருடிவிட்டால்?

ஐடியாவுக்குக் காப்புரிமை கிடையாது. 1978இல் ஆர்.ஜி. ஆனந்த் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது. கருவை வைத்துச் சண்டை போட முடியாது, அதை நீங்கள் எழுதிய விதத்தை வைத்துத்தான் போட முடியும். ‘துக்க வீட்டில் கடன் கேட்கும் ஆள்’ யாருக்கும் சொந்தமில்லை. கண்ணாடியைத் துடைப்பதில் இருந்து காரியத்தன்னைக்குப் பாக்கி வரை அப்படியே வந்தால் பேசலாம். ஆகவே வாயால் சொல்லிக்கொண்டு திரியாமல் விரிவாக எழுதுங்கள், சென்னையில் எழுத்தாளர்கள் சங்கத்தில் பதிவு செய்யுங்கள், அனுப்புவதை ஈமெயிலில் அனுப்புங்கள். தேதி போட்ட நோட்டு என்று முன்னால் சொன்னேனே, அதற்கும் இங்கேதான் வேலை.

உருவக்கேலி இல்லாமல் காமெடி எழுத முடியாதா என்ன?

முடியாது என்று சொல்பவர்கள் சோம்பேறிகள். நானும் எழுதியிருக்கிறேன், மறைக்கவில்லை. நிறம், எடை, வழுக்கை என்று எழுதினால் யோசிக்காமல் பக்கம் நிறையும். பத்து வருஷம் கழித்து டிவியில் அதே காட்சி வரும்போது சேனலை மாற்றத் தோன்றுகிறது. வாழைப்பழக் காட்சியை யோசித்துப் பாருங்கள். செந்தில் பக்கம் ஒரு நியாயம் இருக்கிறது, அசைக்க முடியாத நியாயம். அதை உடைக்க முடியாமல் ஒருவர் தவிப்பதுதான் சிரிப்பு. இரண்டு பேருமே தாங்கள் சொல்வது சரி என்று நம்பினால் போதும்.

பெண்கள் இந்த வேலைக்கு வருகிறார்களா?

குறைவு. பாதி ராத்திரி வரை நீளும் டிஸ்கஷன் அறைகள் அவர்களை நினைத்து உருவானவை அல்ல. நஷ்டம் எங்களுக்கும்தான். ஆண்கள் மட்டும் உட்கார்ந்து எழுதினால் படத்தில் வரும் மனைவி திட்டுவாள், கட்டையைத் தூக்குவாள், வேறொன்றும் செய்ய மாட்டாள். ஒரு தொடரில் எங்களோடு எழுதிய ஒரு பெண், “திட்டுற பொம்பளைய விட, சரின்னு சொல்ற பொம்பளையப் பார்த்துதான் புருஷன் பயப்படுவான்” என்றார். அன்றைக்கு மூன்று எபிசோடுக்கு லைன் கிடைத்தது.

ஏஐ வந்துவிட்டதே, இனி இந்த வேலை இருக்குமா?

சிலேடையும் வாட்ஸ்அப் ஜோக்கும் எழுதிப் பிழைத்தவர்களுக்குச் சிரமம்தான். தூக்கம் கெட்ட நடிகர், மழையில் நின்றுபோன ஷூட்டிங், மாலை ஆறு மணிக்குள் மாற்றியே ஆக வேண்டிய காட்சி, இதற்கெல்லாம் இன்னும் ஆளைத்தான் கூப்பிடுகிறார்கள்.

(அம்மாக்கள் கேட்பது) பையன் வேலையை விட்டுவிட்டு இதற்குப் போகட்டுமா தம்பி?

இப்போதைக்கு வேண்டாம் அம்மா. கிரேசி மோகனே வேலை பார்த்துக்கொண்டுதான் நாடகம் எழுதினார். வேலையோடு சேர்த்து எழுதட்டும். பணம் கொடுத்து எழுதச் சொல்லி இரண்டு பேராவது கேட்கட்டும். கையில் ஒரு வருஷச் செலவுக்குச் சேரட்டும். அதற்கப்புறம் விடுவதைப் பற்றிப் பேசலாம்.

சம்பாதிப்பானா என்ற கேள்வியை ஓரமாக வையுங்கள், அவனுக்கு எழுத வருகிறதா என்று பார்க்க வேண்டுமானால் ஒரு காட்சியை உங்களிடம் படித்துக் காட்டச் சொல்லுங்கள். துக்க வீட்டுக் காட்சியை முதலில் நான் என் அம்மாவிடம்தான் படித்தேன். அம்மா சிரிக்கவே இல்லை. கடைசிவரை கேட்டுவிட்டு, “அது சரிடா, அந்த ஐயாயிரத்தை உண்மையில யாரு யாருக்குக் குடுக்கணும்?” என்றார்.